குழந்தைகள் வாசிக்காவிட்டால் குறையுமா?

நியூயார்க் கார்னகி ஹாலின் பெரிய அரங்கில் 2,804 இருக்கைகள். 'லிங்க் அப்' என்ற பள்ளிக் கச்சேரி நடக்கும் நாளில் அந்த இருக்கைகளில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளின் கையில் ரெக்கார்டர் இருக்கும். பிளாஸ்டிக்கில் வார்த்த, விலை மலிந்த, எட்டுத் துளை ஊதுகுழல் அது. மேடையில் முழு ஆர்க்கெஸ்ட்ரா. 1985-இல் தொடங்கிய இந்தத் திட்டம் மூன்றாம் வகுப்பு முதல் ஐந்தாம் வகுப்பு வரை படிப்பவர்களுக்கானது. மாதக்கணக்கில் வகுப்பறையில் பாட்டும் குழலும் பழகிவிட்டு வந்து, இருந்த இடத்திலிருந்தே ஆர்க்கெஸ்ட்ராவோடு சேர்ந்து பாடுகிறார்கள், ஊதுகிறார்கள். பாடநூல்களையும் இசைத்தாள்களையும் கார்னகி ஹால் இலவசமாகத் தருவதால், அமெரிக்காவிலும் வெளியிலுமாக நூற்றுக்கும் மேற்பட்ட ஆர்க்கெஸ்ட்ராக்கள் இதே வடிவத்தைத் தம் ஊரில் நடத்துகின்றன.

சிறுவர்களுக்கான ஆர்க்கெஸ்ட்ரா நிகழ்ச்சி என்றாலே அவர்களும் ஏதாவது செய்ய வேண்டும் என்பது இன்று எழுதாத விதி. கைதட்ட வேண்டும், காலால் தாளம் போட வேண்டும், பாட வேண்டும், ஊத வேண்டும். சும்மா உட்கார்ந்து கேட்கவைப்பது பழம்பாணி என்று ஒதுக்கப்படுகிறது. இந்த மாற்றம் இசைக்கு நல்லதா, பிள்ளைக்கு நல்லதா, அல்லது மானியம் கேட்டு எழுதும் விண்ணப்பத்துக்கு மட்டும் நல்லதா? இதை ஆராயாமலே உலகம் முழுக்க ஏற்றுக்கொண்டுவிட்டார்கள் என்பது என் கவலை.

பழைய முறையை முதலில் நியாயமாக எடைபோட வேண்டும். லண்டனில் ராபர்ட் மேயரும் அவர் மனைவி டோரதி மோல்டனும் 1923-இல் குழந்தைகளுக்கான கச்சேரிகளைத் தொடங்கினார்கள். அடுத்த ஆண்டு நியூயார்க் ஃபில்ஹார்மோனிக்கில் எர்னஸ்ட் ஷெல்லிங் படங்களைத் திரையில் காட்டி விளக்கும் இளையோர் கச்சேரிகளை ஆரம்பித்தார். அந்த வரிசையின் சிகரம் லெனர்ட் பெர்ன்ஸ்டைன். 1958 முதல் 1972 வரை 53 நிகழ்ச்சிகள், சிபிஎஸ் தொலைக்காட்சி வழியாக நாடு முழுவதற்கும். முதல் நிகழ்ச்சியிலேயே 'இசை என்பதற்குப் பொருள் என்ன' என்ற, பெரியவர்களே தடுமாறும் கேள்வியைப் பிள்ளைகள் முன் வைத்தார். அவற்றை இன்று பார்த்தாலும் அந்தப் பிள்ளைகளின் முகத்தில் சோம்பல் தெரியவில்லை. மனம் ஓடுவது கண்ணில் தெரிகிறது. உடல் அசையாவிட்டால் ஈடுபாடு இல்லை என்று சொல்கிறவர்கள் அந்தப் பதிவுகளை ஒருமுறையாவது பார்க்க வேண்டும்.

ஆனால் பெர்ன்ஸ்டைன்கள் அரிது. விளக்கிச் சொல்லும் முறை சாதாரணக் கைகளுக்குப் போனபோது என்ன ஆனது என்பதற்கு வால்டர் டாம்ரோஷ் 1928 முதல் 1942 வரை என்பிசி வானொலியில் பள்ளிகளுக்காக நடத்திய இசை ரசனை நிகழ்ச்சியைச் சொல்லலாம். அந்நாளில் அமெரிக்காவில் தஞ்சம் புகுந்திருந்த ஜெர்மன் தத்துவஞானி தியோடர் அடோர்னோ அதைக் கடுமையாக விமர்சித்தார். அது கேட்கக் கற்றுத் தரவில்லை, அடையாளம் காணத்தான் கற்றுத் தருகிறது என்பது அவர் குற்றச்சாட்டின் சாரம். இது இன்ன கருவி, இது இன்ன சிம்பொனியின் மெட்டு என்று சொல்லத் தெரிந்துவிட்டால் இசை தெரிந்துவிட்டதாகப் பிள்ளை நம்பிவிடும். இந்தக் குற்றச்சாட்டை என்னால் மறுக்க முடியவில்லை.

அப்படியானால் தானே வாசிப்பதுதான் மருந்தா? அதே அடோர்னோ ஜெர்மனிக்குத் திரும்பிய பின், 1950-களில், அங்கிருந்த இளைஞர் இசை இயக்கத்தையும் விட்டுவைக்கவில்லை. எதை வாசிக்கிறோம் என்று பாராமல் வாசிப்பதையே புண்ணியமாக்குகிறார்கள், கூடிச் செய்யும் மகிழ்ச்சியில் இசை கரைந்து போகிறது என்றார். அவருடைய கசப்பில் எனக்கு முழு உடன்பாடு இல்லை. கூடிப் பாடும் மகிழ்ச்சியைச் சந்தேகிப்பவர் மனித இயல்பில் ஒரு பெரும்பகுதியையே சந்தேகிக்கிறார். ஆனாலும் இன்றைய சிறுவர் கச்சேரிகளில் பாதியை அவர் சொன்னது குறி தவறாமல் தாக்குகிறது. பின்னால் ஆர்க்கெஸ்ட்ரா வாசிக்கும் ராவெலின் இசை, முன்னால் ஒரு தொகுப்பாளர், 'எல்லாரும் தொடையில் தட்டுங்கள்!' என்ற கூவல். அந்தத் தட்டல் இருந்தாலும் இல்லாவிட்டாலும் ராவெலுக்கு ஒன்றும் ஆகப்போவதில்லை. அது பிள்ளைக்கும் தெரிந்துவிடுகிறது. தன்னை ஏமாற்றுகிறார்கள் என்பதை எட்டு வயதுக் குழந்தை எவ்வளவு விரைவில் கண்டுபிடிக்கும் என்பதை நாம் குறைத்து மதிப்பிடுகிறோம்.

ஆகவே நான் வைக்கும் உரைகல் இது: குழந்தைகளின் பங்கை எடுத்துவிட்டால் அந்த இசையில் ஓட்டை விழுகிறதா? விழுந்தால் அது உண்மையான பங்கேற்பு. விழாவிட்டால், எவ்வளவு உற்சாகமாக நடந்தாலும், அது குழந்தைகளைச் சமாளிக்கும் வித்தை.

இந்த உரைகல்லில் முழுமையாகத் தேறும் படைப்பு ஆங்கில இசையமைப்பாளர் பெஞ்சமின் பிரிட்டனின் 'நோயிஸ் ஃப்ளட்'. வெஸ் ஆண்டர்சனின் 'மூன்ரைஸ் கிங்டம்' படம் பார்த்தவர்களுக்கு இது நினைவிருக்கலாம். தேவாலயத்தில் பிள்ளைகள் விலங்கு வேடமிட்டு நடிக்கும் நாடகம் இதுதான். இங்கிலாந்தின் கிழக்குக் கரையில், ஆல்ட்பரோ விழாவின் பகுதியாக, 1958 ஜூன் 18 அன்று ஆர்ஃபர்ட் என்ற சிற்றூரின் தேவாலயத்தில் முதலில் அரங்கேறியது. செஸ்டர் நகரத்துப் பழைய சமய நாடகத்திலிருந்து நோவாவின் பிரளயக் கதை. தொழில்முறை வாத்தியக்காரர்கள் கைவிரல் கொண்டு எண்ணக்கூடியவர்கள்: ஐந்து தந்திக் கருவிகள், ஒரு ரெக்கார்டர், நான்கு கைகளுக்கான பியானோ, ஆர்கன், டிம்பனி. மற்ற வாத்தியமெல்லாம் பிள்ளைகள் கையில்.

அந்தப் பிள்ளைகளுக்கு என்ன கொடுத்தார் என்பதைக் கூர்ந்து பார்க்க வேண்டும். பிள்ளைகளின் வயலின்களை மூன்று நிலையாகப் பிரித்தார். முதல் நிலைக்கு நன்றாகத் தேர்ந்தவர்கள் வேண்டும். மூன்றாம் நிலையில் இருப்பவர் பெரும்பாலும் விரலே வைக்காமல் வெறுந்தந்தியில் வில்லை இழுத்தால் போதும். நேற்று வில் பிடித்த பிள்ளைக்கும் அங்கே இடமுண்டு. ஏழு வருடம் கற்ற பிள்ளைக்கும் சவாலுண்டு. பெட்டகத்துக்குள் விலங்குகள் அணிவகுத்து ஏறும்போது புகிள் ஊதுகிறார்கள். அடைப்பான் இல்லாத அந்தக் குழலில் இயற்கையாகவே சில சுரங்கள்தான் வரும். அந்தச் சிலவற்றையே பிரிட்டன் கட்டியம் ஆக்கினார். மழையின் முதல் துளிகளுக்கு, கயிற்றில் வரிசையாகத் தொங்கவிட்ட தேநீர்க் குவளைகள். அவற்றை மரக்கரண்டியால் தட்ட வேண்டும். இந்தக் குவளைகளை அவருக்கு அறிமுகப்படுத்தியவர் இமோஜென் ஹோல்ஸ்ட். பெரிய இசையமைப்பாளரான குஸ்தாவ் ஹோல்ஸ்டின் மகள், போர்க்காலத்தில் கிராமத்துப் பெண்களோடும் பாமரர்களோடும் இசை செய்து பழகியவர். ஓர் இசைப் புதுமைக்கு ஊற்று எங்கிருந்து வருகிறது என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரியாது.

பிரளயக் காட்சி பாசகாலியா வடிவில் அமைந்தது. அடியில் ஒரே தொடர் திரும்பத் திரும்ப வர, அதன் மேல் புயல் அடுக்கடுக்காக எழுகிறது. குவளைகளில் தூறல். ரெக்கார்டர்களின் நடுங்கும் ஊதலில் காற்று. தாளக் கருவிகளில் இடி. இங்கேதான் பிரிட்டனின் மேதைமை. பிள்ளைகள் ரெக்கார்டர் ஊதினால் சுருதி சேராது. மூச்சு அழுத்தம் கூடினால் சுருதி ஏறிவிடும் கருவி அது. அந்தச் சேராமையையே அவர் காற்றாக்கிவிட்டார். இருபது குழல்கள் இருபது சுருதியில் அலைந்தால்தான் புயற்காற்று நம்பும்படியாக இருக்கிறது. அங்கே தேர்ந்த கலைஞர்களை உட்காரவைத்தால் காட்சி பலவீனப்படும். குழந்தைகளின் குறை என்று மற்றவர்கள் சகித்துக்கொள்வதை அவர் நேரடியாக இசைப் பொருளாக எடுத்துக்கொண்டார்.

இன்னொன்றும் உண்டு. கைமணிகள். ஏறத்தாழ ஐம்பது நிமிடப் படைப்பில், வெள்ளம் வடிந்து வானவில் தோன்றும்வரை அவற்றுக்கு வேலை கிடையாது. மணி அடிக்கும் பிள்ளைகள் அவ்வளவு நேரமும் புயலையும் பாட்டையும் கேட்டபடி தம் முறைக்காகக் காத்திருக்கிறார்கள். பங்கேற்பு கேட்பதைக் கெடுக்கும், தன் முறை எப்போது வரும் என்ற பதற்றத்தில் பிள்ளை மற்றதைக் கேட்காது என்று ஒரு வாதம் உண்டு. நான் நேர் எதிராக நினைக்கிறேன். தன் இடம் எது என்று அறிந்து காத்திருப்பவர்தான் அரங்கிலேயே மிக நுட்பமாகக் கேட்பவர். ஆர்க்கெஸ்ட்ராவில் சிம்பல் வாசிப்பவரைக் கேட்டுப் பாருங்கள். நூறு ஆவர்த்தனம் சும்மா இருந்து ஒரே ஒரு முறை அடிப்பவருக்கு அந்த நூறு ஆவர்த்தனமும் மனப்பாடம். இன்றைய சிறுவர் கச்சேரிகளில் நான் காணும் பெருங்குறை இதுதான். பிள்ளைகளை இடைவிடாமல் ஏதாவது செய்துகொண்டே இருக்கவைக்கிறார்கள். எதிர்பார்த்து மௌனமாக இருக்கும் பங்கை யாரும் அவர்களுக்கு எழுதித் தருவதில்லை.

மேடையில் இல்லாதவர்களுக்கும் பிரிட்டன் வேலை வைத்தார். மூன்று இடங்களில் தேவாலயத்தில் கூடியிருப்போர் எல்லாரும் எழுந்து பக்திப் பாடல் பாட வேண்டும். இரண்டாவது பாடல் புயலின் உச்சத்தில், அந்தப் பாசகாலியாவின் மேலேயே வந்து பொருந்துகிறது. கடலில் ஆபத்தில் இருப்போருக்கான பிரார்த்தனை அது. 1953 ஜனவரி 31 இரவு வட கடல் பொங்கி இங்கிலாந்தின் கிழக்குக் கரையில் 307 பேர் இறந்தார்கள். ஆல்ட்பரோவில் பிரிட்டனின் வீட்டுக்குள்ளும் தண்ணீர் புகுந்தது. ஐந்தே ஆண்டு கழித்து அதே கரையோரத்து மக்கள் அந்தப் பாடலைப் பாடினார்கள். அவர்கள் குரல் இல்லாவிட்டால் அந்த உச்சம் வெறும் மேடை உத்தியாகச் சுருங்கியிருக்கும்.

இவ்வளவு உயர்ந்த முன்மாதிரியை அப்படியே பெயர்த்து எங்கும் நடலாமா? அங்கேதான் சிக்கல். ஆர்ஃபர்டில் கூடியவர்களுக்கு ஒத்திகை தேவைப்படவில்லை. பிறந்தது முதல் ஞாயிறுதோறும் பாடிய பாடல்கள் அவை. நம் பஜனை மடத்தில் பாகவதர் நாமாவளியின் முதலடியை எடுத்தவுடன் சபை முழுக்கத் திருப்பிச் சொல்கிறதே, அதற்கும் யாரும் ஒத்திகை நடத்துவதில்லை. ஊருக்குப் பொதுவான பாட்டு இருந்தால் பங்கேற்பு தானாக நடக்கும். இன்று லண்டனிலோ நியூயார்க்கிலோ ஒரே அரங்கில் உட்காரும் இரண்டாயிரம் பிள்ளைகளுக்கு அப்படிப் பொதுவான பாட்டு எது? பல மொழி, பல மதம், பல நாடு. இருக்கும் ஒன்றிரண்டு சினிமாப் பாட்டும் விளம்பர மெட்டும் ஆர்க்கெஸ்ட்ராவின் பெரும் படைப்புகளோடு ஒட்டாதவை. அவர்களுக்குப் பொதுப் பாட்டை முதலில் உண்டாக்கித் தர வேண்டியிருக்கிறது.

'லிங்க் அப்' செய்வது இதைத்தான், இதற்காகவே அதை மதிக்கிறேன். கச்சேரி நாளில் கவர்ச்சி காட்டுவதை நம்பாமல் வகுப்பறை மாதங்களை நம்புகிறது. குழல் பங்குகள் எளியது, கடினமானது என்று படிநிலையில் இருக்கின்றன. தேர்ந்தெடுத்த இசையும் அரங்கின் இயற்பியலுக்குப் பொருந்துகிறது. இயற்பியல் என்று சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. ஒலி ஒரு நொடியில் ஏறத்தாழ 340 மீட்டர் போகும். மேடையிலிருந்து 40 மீட்டர் தள்ளி மேல்மாடத்தில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைக்கு ஆர்க்கெஸ்ட்ராவின் ஒலி நொடியில் எட்டில் ஒரு பங்கு தாமதமாகத்தான் வந்து சேரும். அதைக் கேட்டு அந்தப் பிள்ளை ஊதினால், அது மேடைக்குத் திரும்ப இன்னொரு எட்டில் ஒரு பங்கு. நிமிடத்துக்கு 120 அடி என்ற நடையில் ஓர் அடி அரை நொடிதான். ஆக, நடத்துநர் காதில் விழும்போது அந்தக் குழல் பாதி அடி பின்தங்கியிருக்கிறது. பிள்ளையின் திறமைக் குறைவு இதில் ஒன்றுமில்லை. உலகின் தலைசிறந்த வயலின் கலைஞரை அங்கே உட்காரவைத்தாலும் இதே கதிதான். நடத்துநரின் கோலைக் கண்ணால் பார்த்து வாசித்தால் தாமதம் பாதியாகும், போகாது.

இதிலிருந்து ஒரு முடிவு தானாக வருகிறது. இருக்கையிலிருந்து விரைவான தாளம் தட்டவைப்பது அடிப்படையிலேயே பிழையான யோசனை. அது கூழாகத்தான் கேட்கும். நீண்ட சுரம், மெதுவான நடை, பரந்த மெட்டு ஆகியவை தாங்கும். பீத்தோவனின் ஒன்பதாம் சிம்பொனியில் வரும் ஆனந்தப் பாடல், த்வோர்ஷாக்கின் 'புதிய உலகம்' சிம்பொனியின் மெதுவான பகுதி போன்றவற்றை லிங்க் அப் எடுத்தாள்வது சரியான தேர்வு. வியன்னாப் புத்தாண்டுக் கச்சேரியின் முடிவில் 'ராடெட்ஸ்கி மார்ச்'சுக்கு அரங்கமே கைதட்டுகிறதே என்று கேட்கலாம். அது கொண்டாட்டம். யாரும் அதை இசைக் கல்வி என்று சொல்லிக்கொள்வதில்லை, அதனால் எனக்கு அதனோடு வழக்கில்லை.

இத்தனை சொல்லியும் என் உரைகல்லில் லிங்க் அப் பாதிதான் தேறுகிறது. த்வோர்ஷாக் அந்த மெட்டை இங்கிலீஷ் ஹார்ன் என்ற ஒற்றைக் கருவிக்குக் கொடுத்தார். அரங்கு நிறைந்த தனிமையில் ஒரே ஒரு குரல் பேசுவது போன்ற அந்த ஒலிதான் அந்தப் பகுதியின் உயிர். அதன் மேல் இரண்டாயிரம் பிளாஸ்டிக் குழல்களை ஏற்றும்போது பிள்ளைகளுக்கு மெட்டு கிடைக்கிறது, த்வோர்ஷாக் தொலைந்துபோகிறார். பீத்தோவன் இதைத் தாங்குவார். எல்லாரும் சேர்ந்து பாட வேண்டும் என்பதே அந்தப் பாட்டின் கருத்து. முன்பே முழுமையடைந்த படைப்புக்குள் புதிய பங்கை நுழைக்கும்போது, அது ஏற்கெனவே இருக்கும் மெட்டை இரட்டிப்பதாகத்தான் பெரும்பாலும் முடிகிறது. பிள்ளைகள் நிறுத்திவிட்டாலும் ஆர்க்கெஸ்ட்ரா தொடரும், மெட்டு ஒலித்துக்கொண்டே இருக்கும். இதே திட்டத்துக்காகவென்றே எழுதப்பட்ட பாட்டுகள், உதாரணமாக தாமஸ் கபானிஸ் எழுதிய 'கம் டு ப்ளே', இசையாக த்வோர்ஷாக்குக்குப் பக்கத்தில்கூட வர மாட்டா. ஆனால் அவற்றில் பிள்ளைகளுக்கு உண்மையான இடம் இருக்கிறது.

உடலால் தாளம் போடுவதையே நான் மட்டமாக நினைப்பதாக யாரும் எடுத்துக்கொள்ளக் கூடாது. 2012-இல் இசையமைப்பாளர் அன்னா மெரெடித் பிரிட்டன் நாட்டின் தேசிய இளையோர் ஆர்க்கெஸ்ட்ராவுக்காக 'ஹேண்ட்ஸ்ஃப்ரீ' எழுதினார். கருவியே இல்லை. கைதட்டல், மிதித்தல், குரல், உடலில் அடித்தல் மட்டும். தாளைப் பார்க்காமல் செய்ய வேண்டும். கேட்பவர்களைத் திணறவைக்கும் சிக்கலான தாள வேலை அது. அதே பாணியில் 'கனெக்ட் இட்' என்ற சிறிய படைப்பை பிபிசி 2014-இல் பள்ளிகளுக்காகத் தொடங்கிய 'டென் பீசஸ்' திட்டத்துக்கு எழுதிக் கொடுத்தார். தொடையில் தட்டுவது இங்கே ராவெலுக்கு ஒட்டிய துணித்துண்டு ஆகவில்லை, தட்டல்தான் படைப்பே. தட்டுவதை நிறுத்தினால் மௌனம்தான் மிஞ்சும்.

நடத்துநர் சைமன் ராட்டிலும் பெர்லின் ஃபில்ஹார்மோனிக்கும் 2003-இல் ஸ்ட்ராவின்ஸ்கியின் 'வசந்தச் சடங்கு'க்கு 250 பெர்லின் பள்ளிப் பிள்ளைகளை ஆடவைத்ததையும் இந்த விவாதத்தில் அடிக்கடி இழுப்பார்கள். 'ரிதம் இஸ் இட்!' என்ற படமாகவும் வந்தது. அது நடனம், இசை செய்வது ஆகாது என்பதால் என் கேள்விக்கு நேர் விடையில்லை. ஆனால் நடன ஆசிரியர் ராய்ஸ்டன் மால்டூம் அந்தப் பிள்ளைகளிடம் காட்டிய கண்டிப்பு மனதில் நிற்கிறது. பாவம், வசதியற்ற பிள்ளைகள், இவ்வளவு செய்ததே போதும் என்ற இரக்கத்தை அவர் ஒருபோதும் அனுமதிக்கவில்லை. சிறுவர் கச்சேரிகளில் ஊதிய ஒவ்வொரு சுரத்துக்கும் 'அற்புதம்!' என்று கூவுகிற தொகுப்பாளர்கள் அவரிடம் கற்க வேண்டும்.

மறுபக்கத்து எதிர்ப்பையும் சொல்லியாக வேண்டும். தயாரிப்புதான் உயிர் என்றால், இசை ஆசிரியரே இல்லாத பள்ளி என்ன செய்யும்? பெரும் பாரம் வகுப்பு ஆசிரியர் தலையில் விழுகிறது. ஆர்க்கெஸ்ட்ரா ஒரு காலைப்பொழுது வாசித்துவிட்டுப் போகும். ரெக்கார்டரில் மூன்று சுரம் வரவழைக்க மாதக்கணக்கில் தொண்டை வறள்பவர் ஆசிரியர். இசைப் பாடம் நல்லபடியாக நடக்கும் பள்ளிப் பிள்ளைகள் அரங்கில் ஊதி மகிழ, பக்கத்து வரிசையில் தயாரிப்பில்லாமல் வந்த பிள்ளைகள் குழலை வாயில் வைத்து விரலை மட்டும் அசைத்துக்கொண்டிருக்க நேர்ந்தால், அந்தப் பங்கேற்பு ஏற்றத்தாழ்வை ஒலிபெருக்கியில் அறிவிப்பதாக ஆகிவிடும். எல்லாரும் சமமாகக் கேட்டுக்கொண்டிருந்த பழைய கச்சேரியில் இந்த அவமானமாவது இல்லை. இது கனமான வாதம். எனக்குத் தெரிந்த விடை ஒன்றுதான்; அதுவும் பிரிட்டனிடமிருந்தே வருகிறது, 1949-இலிருந்து.

அந்த ஆண்டு ஜூன் 14 அன்று ஆல்ட்பரோவில் 'ஒரு ஆபெரா செய்வோம்' அரங்கேறியது. எழுத்து எரிக் க்ரோஸியர். முதற்பாதியில் பெரியவர்களும் பிள்ளைகளும் ஓர் ஆபெராவைத் திட்டமிட்டு ஒத்திகை பார்க்கிறார்கள். அதன் போக்கிலேயே நடத்துநர் அரங்கிலிருப்போர் பக்கம் திரும்பி, அவர்கள் பாட வேண்டிய நான்கு பாட்டுகளையும் சொல்லிக் கொடுத்துவிடுகிறார். இரண்டாம் பாதியில் 'சின்ன ஒட்டறைக்காரன்' என்ற ஆபெரா: புகைபோக்கிக்குள் ஏற்றப்பட்டு வதைபடும் சிறுவனை வீட்டுப் பிள்ளைகள் காப்பாற்றும் கதை. நான்கு தந்திக் கருவிகள், இருவர் வாசிக்கும் ஒரு பியானோ, தாளக் கருவிகள். மேற்கொண்டு அரங்கு முழுக்கக் குரல்கள். அந்தப் பாட்டுகள் எளிமையானவையும் அல்ல. முதல் பாட்டை நம் கண்டசாபு போல ஐந்தாக எண்ண வேண்டும். இரவுப் பாட்டில் அரங்கை நான்காகப் பிரித்து, ஒரு பகுதி ஆந்தை, ஒரு பகுதி நாரை, ஒரு பகுதி புறா, ஒரு பகுதி சிட்டு என்று பறவைகளாக்கிவிடுகிறார். உள்ளே வரும்போது யாருக்கும் ஒன்றும் தெரியாது. கற்றுக்கொள்வதே நிகழ்ச்சியின் முதல் அங்கம். ஆசிரியர் இருந்த பள்ளி, இல்லாத பள்ளி என்ற வேறுபாடு அந்த அரங்கில் எழவே வழியில்லை.

பிரிட்டனின் பாதை கவனிக்கத்தக்கது. 1946-இல் கருவிகளை ஒவ்வொன்றாகக் காட்டி விளக்கும் 'இளையோருக்கு ஆர்க்கெஸ்ட்ரா வழிகாட்டி'. பிள்ளைகள் கேட்டால் போதும். 1948-இல் 'செயின்ட் நிக்கலஸ்'. அங்கே சபை பக்திப் பாடல் பாடுகிறது. 1949-இல் அரங்குக்கே நான்கு பாட்டு. 1958-இல் பிள்ளைகள் படைப்பின் தசையும் எலும்பும் ஆகிவிட்டார்கள். பன்னிரண்டு ஆண்டில் ஒரு தனிமனிதர் கடந்த தூரத்தை ஆர்க்கெஸ்ட்ரா நிறுவனங்கள் இன்னும் கடக்கவில்லை. முதல் படைப்பைத்தான் உலகமெங்கும் சிறுவர் கச்சேரிகளில் திரும்பத் திரும்ப வாசிக்கிறார்கள். மற்றவற்றுக்கு ஒத்திகை நேரம் அதிகம், ஆட்கள் அதிகம்.

செலவைக் காரணம் காட்டுவதை நான் ஏற்பதில்லை. 2015-இல் பெர்லின் ஃபில்ஹார்மோனிக், லண்டன் சிம்பொனி ஆர்க்கெஸ்ட்ரா, பிரான்ஸின் எக்ஸ்-ஆன்-ப்ரோவான்ஸ் விழா மூன்றும் சேர்ந்து ஜொனாதன் டவ்வை எழுதவைத்த 'மான்ஸ்டர் இன் த மேஸ்' என்ற ஆபெரா, ராட்டிலின் நடத்துதலில் ஜெர்மன், ஆங்கிலம், பிரெஞ்சு மூன்று மொழிகளில் நடந்தது. சிறுவர் பாடகர் குழு, இளையோர் குழு, தொழில்முறை சாராத பெரியவர் குழு, கற்றுக்கொண்டிருக்கும் வாத்தியக்காரர்கள், பக்கத்திலேயே தொழில்முறைக் கலைஞர்கள். மினோடாருக்கு இரையாக அனுப்பப்படும் ஏதென்ஸ் பிள்ளைகளைப் பிள்ளைகளே பாடுகிறார்கள். அந்தக் குழுவை விலக்கினால் கதையே இல்லை. மூன்று நிறுவனங்கள் செலவைப் பங்கிட்டுக்கொண்டு ஒரு நல்ல படைப்பை உண்டாக்க முடிந்திருக்கிறது. லிங்க் அப் வடிவத்தைப் பகிரும் நூற்றுச் சொச்சம் ஆர்க்கெஸ்ட்ராக்கள் ஆளுக்குக் கொஞ்சம் போட்டால், இரண்டாயிரம் ரெக்கார்டர்கள் இல்லாவிட்டால் நின்றுபோகும் ஒரு புது இசையை, தாமதத்தையும் சுருதிப் பிசகையும் கணக்கில் கொண்டு எழுதும் ஒருவரிடம் கேட்டு வாங்கலாம்.

என் தீர்ப்பைச் சொல்கிறேன். தயாரிப்பில்லாமல், கச்சேரி நாளில் மட்டும் பிள்ளைகளைத் தட்டவும் ஆட்டவும் வைக்கும் வகையை முற்றாகக் கைவிட வேண்டும். அதைவிட நல்ல இசையை நல்ல விளக்கத்தோடு அமைதியாகக் கேட்கவிடுவது பிள்ளைக்குச் செய்யும் பெரிய மரியாதை. லிங்க் அப் வகையைக் காப்பாற்ற வேண்டும், அதன் வகுப்பறைப் பகுதிக்காக. அதன் இசைத் தேர்வில் ஒற்றைக் குரலுக்கென்று எழுதப்பட்டவற்றை நீக்கிவிட்டு, கூட்டுக் குரலைக் கேட்டு நிற்பவற்றையும் புதிதாக எழுதியவற்றையும் வைக்க வேண்டும். பேருந்தில் ஏறி நேராக அரங்குக்கு வரும், முன்பயிற்சி எதுவும் கிடைக்காத பள்ளிகளுக்கு 1949-இன் வழியே பொருத்தம். ஒரு மணி நேரக் கச்சேரியில் முதல் இருபத்தைந்து நிமிடத்தைத் திறந்த ஒத்திகைக்குக் கொடுக்கலாம். நடத்துநரே முன்வந்து, ஆர்க்கெஸ்ட்ராவிடம் எப்படிச் சலிக்காமல் திருத்துவாரோ அதே அக்கறையோடு, 'மறுபடி, இரண்டாவது அடியில் மூச்சு விடாமல்' என்று பிள்ளைகளையும் திருத்தட்டும். நிரலில் இரண்டோ மூன்றோ உருப்படிகள் குறையும்; நிகழ்ச்சி வகுப்பவர்கள் அந்த இழப்பை அறிந்தே ஏற்க வேண்டும் என்பேன்.